ஒரு மியூசிக்கல், பல சொந்தக்காரர்கள்: இணையத்தில் சட்டப்படி தேடவும் படிக்கவும் ஓர் எளிய விளக்கம்

"நெட்டுலதான் இருக்கே, பார்த்தா என்ன தப்பு?" "பழைய படம்ங்க, அது யாருக்கும் சொந்தமில்ல." "30 செகண்டுக்குள்ள எடுத்துப் போட்டா கேஸ் வராது." பாட்டாலேயே கதை நகரும் மியூசிக்கல் படங்களைப் பற்றிப் பேச்சு எழும் இடங்களில் இந்த மூன்றில் ஒன்றாவது காதில் விழும். முதலாவது ஒரு தளத்தில் இருப்பதையும் அங்கே இருக்க அனுமதி பெற்றதையும் ஒன்றாக்கிவிடுகிறது. இரண்டாவது சில படங்களுக்குப் பாதி உண்மை. மூன்றாவது எந்தச் சட்டப் புத்தகத்திலும் இல்லை.

குழப்பத்துக்குக் காரணம் எளிது. திரையில் ஒரே படமாக ஓடுவதால் அதை ஒரே பொருள் என்று நினைத்துவிடுகிறோம். மியூசிக்கல் அப்படி ஒரே பொருள் இல்லை. அதற்குள் படம் தனி, மெட்டு தனி, வரிகள் தனி, குரல் தனி. இந்த அடுக்குகளைப் பிரித்துப் பார்க்கத் தெரிந்தால், எதை எங்கே தேடுவது என்பது தெளியும். ஒரு பாடல் காட்சியை எப்படிப் படிப்பது என்பதற்கும் அதே பிரிப்புதான் வழி.

பாட்டு இருந்தாலே மியூசிக்கல் ஆகிவிடுமா?

ஆகாது. ஒரு பாடல் காட்சியை முழுதாகத் தூக்கிவிட்டுக் கதையைத் தொடர்ந்து பாருங்கள். எதுவும் குறையவில்லை என்றால் அது பாட்டு இருக்கும் படம். பாடலுக்கு முன் வெறுத்தவர்கள் பின் ஏன் சேர்ந்து நடக்கிறார்கள் என்று புரியாமல் போனால், அந்தப் பாடல் கதையின் வேலையைச் செய்திருக்கிறது. அப்படிப்பட்ட பாடல்கள் முதுகெலும்பாக இருக்கும் படமே மியூசிக்கல்.

இதிலும் பாடுவதற்குக் காரணம் இரண்டு விதமாக வரும். கதாபாத்திரங்களே பாடகர்கள், நடனக்காரர்கள். மேடையில் ஒத்திகை, பிறகு நிகழ்ச்சி என்று கதை போனால் அது மேடைப்பின்னணி மியூசிக்கல். சாதாரண மனிதர் தெருவில் நடந்துகொண்டே பாடத் தொடங்க, கண்ணுக்குத் தெரியாத ஆர்க்கெஸ்ட்ரா சேர்ந்துகொண்டால் அது ஒருங்கிணைந்த மியூசிக்கல். பல படங்கள் இரண்டையும் கலந்துகொள்ளும். எந்தப் பாடல் எந்த வகை என்று குறித்துக்கொண்டாலே படிப்பு தொடங்கிவிட்டது என்று வைத்துக்கொள்ளலாம்.

பலர் பெயரில் இருக்கும் ஒரே நிலம்

ஒரு நிலம் அண்ணன் தம்பிகள் ஐந்து பேர் பெயரில் இருக்கிறது. மூத்தவர் மட்டும் கையெழுத்துப் போட்டு விற்றால் அந்த விற்பனை நிற்காது. மியூசிக்கலின் நிலையும் இதுதான்.

பதிப்புரிமை என்பது ஒரு படைப்பை நகலெடுக்கவும், வெளியிடவும், பலர் முன் காட்டவும், மாற்றியமைக்கவும் யாருக்கு அதிகாரம் என்று சொல்லும் உரிமை. இதைக் காப்புரிமை என்றும் பலர் எழுதுகிறார்கள். கண்டுபிடிப்புகளுக்குத் தரும் வேறோர் உரிமைக்கும் அந்தப் பெயர் இருப்பதால் இங்கே பதிப்புரிமை என்றே வைத்துக்கொள்வோம்.

ஒரு மியூசிக்கலில் இது எத்தனை இடத்தில் இருக்கிறது என்று பாருங்கள். ஓடும் படத்துக்கு ஓர் உரிமை. பெரும்பாலும் தயாரிப்பு நிறுவனத்திடம் இருக்கும். மெட்டுக்கு ஒன்று, வரிகளுக்கு ஒன்று. இவை இசையமைப்பாளரிடமோ, பாடலாசிரியரிடமோ, அவர்களிடம் உரிமை வாங்கிய இசைப் பதிப்பாளரிடமோ இருக்கும். இசைத்தட்டாகவோ ஆல்பமாகவோ வெளியான ஒலிப்பதிவுக்கு வேறொன்று. அது இசை நிறுவனத்திடம். படம் ஒரு மேடை நாடகத்திலிருந்தோ நாவலிலிருந்தோ வந்திருந்தால் அந்த மூலத்துக்கும் உரிமையாளர் உண்டு. சப்டைட்டிலைக்கூட ஒருவர் உட்கார்ந்து மொழிபெயர்த்திருக்கிறார். அதுவும் ஒரு படைப்புதான்.

இன்னொரு சொல்லும் தெரிந்திருக்க வேண்டும். ஒரு பாட்டை ஓடும் காட்சியோடு சேர்த்துப் பயன்படுத்தத் தரும் அனுமதிக்கு சிங்க் உரிமை என்று பெயர். திரையரங்குக்கு மட்டும் என்று எழுதி வாங்கிய சிங்க் அனுமதி, பிறகு வந்த வீடியோவுக்கும் ஸ்ட்ரீமிங்குக்கும் தானாக நீளாது. மறுபடி பேசி முடிக்காவிட்டால் படம் வெளியே வராமல் முடங்கும், அல்லது பாட்டு மாற்றப்பட்டு வரும். தேடிய படம் எந்தச் சேவையிலும் இல்லை என்றால் அதை யாரும் விரும்பவில்லை என்று எண்ண வேண்டாம். பல நேரம் கையெழுத்துப் போட வேண்டியவர்களில் ஒருவர் மீதம் இருக்கிறார்.

சுருக்கமாக: படத்துக்கு அனுமதி என்றால் பாட்டுக்கும் அனுமதி என்று ஆகாது. பாட்டைக் கேட்க வழி இருந்தால் படத்தைப் பார்க்கவும் வழி இருக்கும் என்றும் இல்லை.

"பழசு" என்றால் எவ்வளவு பழசு?

உரிமைக்குக் காலக்கெடு உண்டு. அது முடிந்த படைப்பு பொதுக்களத்துக்கு வருகிறது. அதாவது யாரிடமும் கேட்காமல் பார்க்கலாம், நகலெடுக்கலாம், பகிரலாம். நாட்டுடைமை வேறு. அங்கே ஓர் அரசு பணம் கொடுத்து எழுத்தாளரின் உரிமையைப் பொதுவாக்குகிறது. பொதுக்களம் கெடு முடிந்து தானாகத் திறக்கும் கதவு.

அந்தக் கெடு நாட்டுக்கு நாடு வேறு. அமெரிக்காவில் பழைய படங்களுக்கு வெளியான ஆண்டிலிருந்து 95 ஆண்டு. 1929இல் வெளியான படம் 2025 ஜனவரி 1 அன்று திறந்தது. இந்தியாவில் படத்துக்கு, வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டு. 1960இல் வெளியான படம் 2020 முடிய உரிமையில் இருந்தது. ஆனால் அதே படத்தின் பாட்டுக்கும் வரிக்கும் எழுதியவர் மறைந்த பிறகு 60 ஆண்டு. ஐரோப்பிய ஒன்றியத்தின் கணக்கு வேறு விதம்: முதன்மை இயக்குநர், திரைக்கதை எழுதியவர், வசனம் எழுதியவர், படத்துக்கென்றே இசையமைத்தவர் ஆகிய நால்வரில் கடைசியாக மறைந்தவரிடமிருந்து 70 ஆண்டு.

உங்களுக்குப் பொருந்துவது நீங்கள் இருக்கும் நாட்டின் சட்டம். படம் எடுத்த நாட்டில் திறந்துவிட்டது என்பது மட்டும் போதாது.

ஓர் உண்மையான படத்தை எடுத்துக்கொள்வோம். ஸ்டான்லி டோனன் இயக்கி, ஃபிரெட் அஸ்டேர் நடித்து 1951இல் வெளியானது ராயல் வெட்டிங். 95 ஆண்டு ஆகவில்லை. ஆனாலும் அமெரிக்காவில் அது பொதுக்களத்தில் இருக்கிறது. 1964க்கு முன் அங்கே வெளியான படைப்புகளுக்கு 28ஆம் ஆண்டில் உரிமையைப் புதுப்பிக்க வேண்டும் என்ற விதி இருந்தது. இந்தப் படத்துக்கு அதைச் செய்யாமல் விட்டுவிட்டார்கள். அதனால்தான் சட்டத்துக்கு உட்பட்டே பல தளங்களில் முழுப்படமாகக் கிடைக்கிறது.

பாட்டுகளின் நிலை வேறு. அவற்றுக்கு மெட்டமைத்த பர்ட்டன் லேன் மறைந்தது 1997இல். ஆசிரியரின் மறைவிலிருந்து 60 ஆண்டு எண்ணும் கணக்கில் அந்த மெட்டுகள் 2057 முடிய ஓடும். ஆக, படத்தைப் பார்ப்பது ஒன்று. அதிலிருந்து ஒரு பாட்டை எடுத்து நீங்களே பாடிப் பதிவேற்றுவது முற்றிலும் வேறொன்று.

இதற்கு நேர் எதிரான நிலையும் உண்டு. இந்தியாவின் முதல் பேசும் படமான ஆலம் ஆரா 1931இல் வெளியானது. ஏழு பாட்டுகள். உரிமைக் கெடு எப்போதோ முடிந்துவிட்டது. ஆனால் பார்க்க முடியாது. ஒரு பிரதிகூட எஞ்சவில்லை. உரிமை திறந்திருப்பதும் படம் கிடைப்பதும் இரண்டு தனிக் கேள்விகள். தேடும்போது இரண்டையும் தனித்தனியே கேட்க வேண்டும்.

தேடும் வரிசை

படத்தின் பெயரைத் தேடுபெட்டியில் போட்டுவிட்டு வருவதில் முதலாவதைத் தட்டுவதுதான் வழக்கம். பாதிச் சிக்கல் அங்கேதான் தொடங்குகிறது. முதலில் படத்தின் அடையாளத்தை உறுதி செய்யுங்கள்: மூலமொழிப் பெயர், வெளியான ஆண்டு, இயக்குநர். மியூசிக்கல்கள் திரும்பத் திரும்ப எடுக்கப்படும்; மேடைப் பதிவு, தொலைக்காட்சிப் பதிப்பு, புதிய படம் என்று ஒரே பெயரில் மூன்று நான்கு இருக்கலாம். ஒரே படத்துக்கு இரண்டு பெயரும் இருக்கும். ராயல் வெட்டிங் பிரிட்டனில் வெட்டிங் பெல்ஸ் என்ற பெயரில் வெளியானது. அமெரிக்கப் படங்களுக்கு ஏஎஃப்ஐ கேட்டலாக் என்ற இலவச இணையப் பட்டியல் இந்த வேலைக்கு மிக நல்லது. ஓடும் நேரம், வெளியீட்டுத் தேதி, பாடல்கள், தயாரிப்பு வரலாறு எல்லாம் அங்கே இருக்கும். ஓடும் நேரத்தை இப்போதே எழுதி வைத்துக்கொள்ளுங்கள். பிறகு அது ஒரு முக்கியமான வேலைக்கு உதவும்.

அடுத்து ஜஸ்ட்வாட்ச் போன்ற தேடல் தளம். அது படத்தைக் காட்டாது. உங்கள் நாட்டில் எந்தச் சேவையில் சந்தாவுக்கு, வாடகைக்கு, விலைக்கு, விளம்பரத்தோடு இலவசமாக என்று மட்டும் சொல்லும். நாட்டைச் சரியாகத் தேர்ந்தெடுக்க மறந்தால் விடை தப்பாகும். சந்தாவில் இருக்கும் படம் வாடகை வீடு மாதிரி; உரிமக் காலம் முடிந்ததும் சொல்லாமல் போய்விடும். ஒரு படத்தை மாதக்கணக்கில் படிக்கப் போகிறீர்கள் என்றால் டிவிடி, ப்ளூரே போன்ற வட்டு வாங்குவதே நிம்மதி. இணையக் கடையில் "வாங்கு" என்று பொத்தான் இருந்தாலும் கையில் வருவது பெரும்பாலும் பார்க்கும் உரிமம்தான், கோப்பு இல்லை.

மூன்றாவது, நூலகம். பலர் இதை மறந்தே போகிறார்கள். கேனபி, ஹூப்லா போன்ற சேவைகளில் நூலகம் பணம் கட்டுகிறது. உறுப்பினர் அட்டை வைத்திருப்பவர் இலவசமாகப் பார்க்கிறார். உங்கள் நூலகமோ கல்லூரியோ சேர்ந்திருக்கிறதா என்று ஒருமுறை கேட்டுவிடுங்கள். வட்டு எந்த நூலகத்தில் இருக்கிறது என்று பார்க்க, பல நூலகங்களின் கூட்டுப் பட்டியலான வேர்ல்ட்கேட் தளம் உதவும்.

நான்காவது, ஆவணக் காப்பகங்கள். அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் நேஷனல் ஸ்க்ரீனிங் ரூம் பகுதியில் உரிமைநிலை ஆராய்ந்து போட்ட படங்கள் இருக்கின்றன. பெரும்பாலானவற்றைத் தரவிறக்கவும் முடியும். பழைய இந்தியப் படங்களுக்கு இந்தியன்சினி.மா என்ற தளம் இருக்கிறது. காட்சி காட்சியாகக் குறிப்பு எழுதிப் படிக்கும் நோக்கத்தோடே அமைத்தது அது. இன்டர்நெட் ஆர்கைவ் மிகப் பெரிய சுரங்கம். ஆனால் அங்கே யார் வேண்டுமானாலும் பதிவேற்றலாம். பதிவேற்றியவர் "பொதுக்களம்" என்று எழுதியிருப்பது அவருடைய கருத்து மட்டுமே, சான்று ஆகாது.

சந்தேகம் வந்தால் சரிபார்க்க வழி உண்டு. அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகத்தில் 1978 முதல் பதிவானவற்றை இணையத்திலேயே தேடலாம். அதற்கு முந்தையவை ஆண்டுவாரிப் பட்டியல் புத்தகங்களாக ஸ்கேன் செய்து கிடைக்கின்றன. 1951இல் வந்த படத்தின் புதுப்பிப்பு 28 ஆண்டு கழித்து, 1979ஐ ஒட்டி இருக்க வேண்டும். அந்த ஆண்டிலும் அதற்கு முன்னும் பின்னும் ஓராண்டிலும் தேடுங்கள். படத்தின் பெயரில் ஒருமுறை, ஒவ்வொரு பாட்டின் பெயரிலும் ஒருமுறை. அடுக்குகள் வேறு வேறு என்று மேலே சொன்னது இங்கே கண்ணெதிரே தெரியும்.

சுருக்கமாக: அடையாளம், சேவை, நூலகம், காப்பகம் என்ற வரிசை. ஓர் இடத்தில் இருப்பதை நம்பும் முன் அதை யார் வைத்தார்கள் என்று பாருங்கள்.

யூடியூப்பில் முழுப்படம் இருந்தால்?

முதலில் சேனலைப் பாருங்கள். தயாரிப்பு நிறுவனம், விநியோகஸ்தர், காப்பகம் ஆகியோரின் அதிகாரப்பூர்வச் சேனலாக இருந்தால் சரி. பெயர் தெரியாத கணக்கு, கலவையான படங்கள், விவரணையில் "உரிமை எங்களுடையது அல்ல" என்று ஒரு வரி இருந்தால், அந்த வரியே ஒப்புதல் வாக்குமூலம். அப்படி எழுதுவதால் எந்தப் பாதுகாப்பும் கிடைப்பதில்லை.

"தப்பா இருந்தா யூடியூப்பே எடுத்திருக்குமே" என்பார்கள். யூடியூப்பிடம் கன்டென்ட் ஐடி என்ற பொருத்திப் பார்க்கும் இயந்திரம் இருக்கிறது. உரிமையாளர் தன் கோப்பைக் கொடுத்து வைத்திருந்தால்தான் அது பொருத்திப் பார்க்கும். கொடுக்காதவர் படம் சிக்காது. சிக்கினாலும் எடுக்கச் சொல்லாமல் விளம்பர வருமானத்தை மட்டும் உரிமையாளர் வாங்கிக்கொள்ளலாம். மறுபக்கம், பொதுக்களப் படத்தையே அது தவறாகப் பிடித்துவிடும். ஆக, இருப்பதும் எடுக்கப்படுவதும் சட்டத் தீர்ப்பு ஆகாது.

இந்த இயந்திரத்தை ஏமாற்றச் செய்யும் வேலைகள்தான் மாணவருக்குப் பெரிய கேடு. படத்தைக் கண்ணாடியில் பார்ப்பதுபோல் இடம்வலம் மாற்றிப் போடுவார்கள், ஓரத்தை வெட்டிப் பெரிதாக்குவார்கள், சுருதியைக் கொஞ்சம் ஏற்றுவார்கள். அப்படிப்பட்ட பிரதியை வைத்து நடனத்தைப் படித்தால் வலது காலை இடது கால் என்று எழுதுவீர்கள். திரையில் தெரியும் கடைப்பலகை எழுத்தோ செய்தித்தாளோ இடம்வலம் மாறித் தெரிந்தால் உடனே மூடிவிடுங்கள்.

கிடைத்த பிரதி சரியான பிரதியா?

சட்டப்படி கிடைத்ததிலும் இந்தச் சோதனை தேவை. மியூசிக்கலுக்கு மற்ற படங்களைவிட அதிகம் தேவை.

மேலே எழுதி வைத்த ஓடும் நேரத்தை எடுங்கள். ராயல் வெட்டிங் 93 நிமிடம். உங்கள் கையில் உள்ளது 89 நிமிடத்தில் முடிகிறது என்று வைத்துக்கொள்வோம். காட்சி எதுவும் விட்டுப்போனதாகத் தெரியவில்லை. அப்படியானால் வேகம் மாறியிருக்கிறது. திரைப்படம் விநாடிக்கு 24 சட்டகம், அதாவது 24 ஃப்ரேம். ஐரோப்பாவிலும் பல ஆசிய நாடுகளிலும் இருந்த பழைய தொலைக்காட்சி முறை விநாடிக்கு 25. மாற்றும்போது வசதிக்காக 24ஐ 25 ஆகவே ஓட்டிவிட்டார்கள். 93ஐ 0.96ஆல் பெருக்கினால் 89 சொச்சம் வரும். கணக்கு சரியாகப் பொருந்துகிறது.

பேச்சுப் படத்தில் இந்த 4 சதவீதம் காதுக்குத் தெரியாது. பாட்டில் அப்படி இல்லை. வேகம் ஏறும்போது சுருதியும் சுமார் 70 சென்ட் ஏறும். சென்ட் என்பது அடுத்தடுத்த இரண்டு கட்டைகளுக்கு இடையே உள்ள தூரத்தை நூறாகப் பிரித்ததில் ஒரு பங்கு. ஆக, ஒரு கட்டையில் முக்காலுக்குச் சற்றுக் குறைவான ஏற்றம். பியானோவில் கூடவே வாசித்துப் பார்த்தால் எந்தக் கட்டையிலும் சேராமல் நிற்கும். ஆல்பத்தில் உள்ள பதிவோடு ஒப்பிட்டு "படத்தில் உயர்ந்த சுருதியில் பாடியிருக்கிறார்" என்று எழுதி அவமானப்பட வேண்டாம். சில வெளியீடுகளில் சுருதியை மட்டும் திருத்தியிருப்பார்கள். அதனால் நேரம், சுருதி இரண்டையும் பாருங்கள்.

நேரம் அதைவிட அதிகமாகக் குறைந்தால் வெட்டு இருக்கிறது. பழைய பெரிய மியூசிக்கல்களில் படம் தொடங்கும் முன் கறுப்புத் திரையிலோ மூடிய திரைச்சீலையிலோ சில நிமிடம் இசை மட்டும் ஒலிக்கும்; இடைவேளைக்குப் பிறகும் அப்படியே. வரப்போகும் மெட்டுகளைக் காதில் போட்டு வைக்கும் வேலை அது. "ஒன்றுமே ஓடவில்லை" என்று பல பிரதிகளில் அதை நீக்கியிருக்கிறார்கள்.

பிறகு சட்டகத்தின் வடிவம். 1953க்கு முன் எடுத்த படங்கள் ஏறக்குறைய சதுரத்தை ஒட்டியவை. அகலத்துக்கும் உயரத்துக்கும் விகிதம் 1.37க்கு 1. அதை இன்றைய அகலத் திரையை நிரப்ப வைத்தால் மேலும் கீழும் வெட்டுப்படும். நடனப் படத்தில் கீழே இருப்பது கால்! அஸ்டேர் தன் உடல் தலைமுதல் பாதம்வரை சட்டகத்துக்குள் இருக்க வேண்டும் என்று பிடிவாதமாக நின்றவர். பாதம் தெரியாத பிரதியை வைத்து அவர் நடனத்தைப் படிக்க ஒன்றுமில்லை.

எவ்வளவு எடுத்துக்கொள்ளலாம்?

இந்தியச் சட்டத்தின் 52ஆம் பிரிவு ஆராய்ச்சி உள்ளிட்ட சொந்தப் பயனுக்கும், விமர்சனத்துக்கும் நியாயமான அளவில் எடுத்தாள இடம் தருகிறது. அமெரிக்கச் சட்டம் நான்கு கேள்வி கேட்கிறது: எதற்காக எடுத்தீர்கள், மூலப் படைப்பு எத்தகையது, எவ்வளவு எடுத்தீர்கள், அதன் விற்பனைக்கு இடைஞ்சலா. இவ்வளவு விநாடி என்று இந்த இரண்டிலும் எண் இல்லை. நீங்கள் சொல்லும் கருத்துக்குத் தேவையான அளவு, அதற்குமேல் ஒரு சட்டகமும் வேண்டாம் என்பதே நல்ல அளவுகோல். கூடவே உங்கள் விளக்கம் இருக்க வேண்டும். பேச்சில்லாமல் பாட்டை மட்டும் ஓடவிட்டு "விமர்சனம்" என்று பெயர் வைத்தால் அது விமர்சனம் ஆகாது. வரிகளையும் முழுப் பாட்டாக எழுதிப் போடாமல், பேசும் வரியை மட்டும் எடுங்கள். ஸ்ட்ரீமிங்கிலும் வட்டிலும் உள்ள மின்னணுப் பூட்டை உடைப்பது பல நாடுகளில் தனியாகவே குற்றம். நோக்கம் படிப்பு என்பது தானாக விலக்கு தராது.

அடுக்கடுக்காகப் படிப்பது

முதல்முறை குறிப்பு எதுவும் எடுக்காமல் முழுதாகப் பாருங்கள். இரண்டாம் முறை பாடல் பட்டியல் மட்டும்: எங்கே தொடங்குகிறது, எங்கே முடிகிறது, யார் பாடுகிறார், பாட்டுக்கு முன் யாருக்கு என்ன தெரியாது, பின் என்ன தெரியும். ஏற்கெனவே கேட்ட பாட்டு வேறு சூழலில் திரும்ப வந்தால் அது ரிப்ரைஸ். அதைத் தனியாகக் குறியுங்கள். அதே மெட்டில் எந்த வரி மாறியது என்பதிலேயே கதை எவ்வளவு நகர்ந்தது என்று தெரிந்துவிடும்.

மூன்றாம் முறை ஒரே ஒரு பாட்டு. இதில்தான் நேரம் செலவிட வேண்டும். முதலில் ஒலியை அணைத்துப் பாருங்கள். ஒரு ஷாட் முடிந்து அடுத்தது தொடங்கும் ஒவ்வொரு வெட்டுக்கும் நேரம் குறியுங்கள். பாட்டு 180 விநாடி, ஷாட் 12 என்றால் ஒரு ஷாட்டுக்குச் சராசரி 15 விநாடி. 60 ஷாட் என்றால் 3 விநாடி. முதலாவதில் ஆடுபவரை நம்பி எடுத்திருக்கிறார்கள். இரண்டாவதில் ஆட்டத்தின் பெரும்பங்கை எடிட்டர் ஆடியிருக்கிறார். பிறகு கண்ணை மூடி ஒலியை மட்டும் கேளுங்கள். பழைய அமெரிக்கப் பாடல்களில் பெரும்பாலும் எட்டுத் தாளக்கட்டு கொண்ட நான்கு பகுதிகள் வரும்: ஒரு மெட்டு, அதே மெட்டு, வேறு மெட்டு, மறுபடி முதல் மெட்டு. நடனம் மட்டும் வரும் இடம், இந்த நான்கும் சேர்ந்த எத்தனையாவது சுற்றில் தொடங்குகிறது என்று எண்ணுங்கள். கடைசியில் இரண்டையும் சேர்த்துப் பார்த்து, வெட்டு தாளத்தின் முதல் அடியில் விழுகிறதா, தள்ளி விழுகிறதா என்று கவனியுங்கள். நிமிடத்துக்கு 120 அடி என்றால் ஓர் அடிக்கு 12 சட்டகம், துல்லியமாகவே அளக்கலாம். விஎல்சி பிளேயரில் ஈ விசையைத் தட்டினால் ஒவ்வொரு சட்டகமாக நகரும். யூடியூப்பில் நிறுத்திவிட்டு முற்றுப்புள்ளி விசையைத் தட்டினால் முன்னே, காற்புள்ளி தட்டினால் பின்னே.

குரல் அடுக்கை மறக்க வேண்டாம். பெரும்பாலான மியூசிக்கலில் பாட்டை முன்பே பதிவு செய்து, படப்பிடிப்பில் ஒலிக்கவிட்டு உதடசைப்பார்கள். 1964இல் வந்த மை ஃபேர் லேடியில் நாயகி ஆட்ரி ஹெப்பர்னின் பாட்டுகளில் பெரும்பகுதியைப் பாடியது பாடகி மார்னி நிக்சன். நாயகன் ரெக்ஸ் ஹாரிசனோ டையில் மறைத்த கம்பியில்லா மைக்கோடு படப்பிடிப்பிலேயே பாடினார். ஒரே படத்தில் இரண்டு விதம். முன்பதிவில் மூச்சு எடுக்கும் இடமும் முகத்தில் மூச்சு தெரியும் இடமும் பொருந்தாமல் போகும். நேரடிப் பாட்டில் பேச்சும் பாட்டும் ஒன்றுக்குள் ஒன்று வழுக்கிப் போகும். அடுத்தடுத்துக் கேட்டால் வேறுபாடு புரியும்.

இப்போது ராயல் வெட்டிங்கில் அஸ்டேர் சுவரிலும் கூரையிலும் ஆடும் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். விடுதி அறையில் காதலியின் புகைப்படத்தோடு தொடங்கி, சுவரில் ஏறி, கூரையில் ஆடி, மறுபக்கச் சுவர் வழியாக இறங்குகிறார். அறை முழுவதும் ஒரு பெரிய உருளைக்குள் கட்டியது. மேசை நாற்காலியெல்லாம் தரையோடு இறுக்கியிருக்கிறது; கேமராவும் அறையோடு பிணைத்தது. உருளை சுழன்றால் கேமராவும் சேர்ந்து சுழலும். அதனால் திரையில் அறை அசையாது, ஆள்தான் ஏறுகிறார்போல் தெரியும். உண்மையில் அவர் ஒருபோதும் தலைகீழாக இல்லை. உருளையின் அடிப்பகுதியிலேயே நின்று ஆடுகிறார்.

இதை நீங்களே சோதிக்கலாம். கைப்பேசியில் திரை தானாகத் திரும்புவதை அணைத்துவிட்டு இந்தக் காட்சியை ஓடவிடுங்கள். அஸ்டேர் எப்போதும் நேராக நிற்கும்படி கைப்பேசியை மெல்லத் திருப்பிக்கொண்டே வாருங்கள். சுவருக்குப் போகும்போது கால் சுற்று, கூரைக்குப் போகும்போது இன்னொரு கால் சுற்று. இப்போது ஆள் நிலையாக நிற்க, அறை சுழல்வது தெரியும். அடுத்த முறை ஒலியை அணைத்து மூலைகளை மட்டும் பாருங்கள்: தரை சுவராக மாறும் அந்த நொடியில் எந்தக் கால் முதலில் போகிறது, உடல் எடை எப்போது மாறுகிறது, அவர் போட்டிருக்கும் கோட்டின் ஓரம் எந்தப் பக்கம் தொங்குகிறது. அதன்பின் ஒலியைத் திறந்து, ஒவ்வொரு மூலையும் பாட்டின் எந்த அடியில் விழுகிறது என்று எண்ணுங்கள்.